மறக்க விரும்பிய ஐம்பது படங்கள்

பழைய சப்பாத்து வியாபாரத்துக்கும் திரைப்படக் கலைக்கும் என்ன சம்பந்தம் என்று நேயர்கள் கேட்கலாம். கொரியா நாட்டில் இவ்விரண்டுக்கும் நெருங்கிய சம்பந்தம் ஒருகாலத்தில் இருந்தது. கொரிய யுத்தத்தின்போது அமெரிக்கப் பட்டாளத்தார் கழித்துவிட்ட சப்பாத்துக்களைச் செப்பனிட்டு விற்கும் தொழில், தென்கோடித் துறைமுகமாகிய பூசானில் சுறுசுறுப்பாக நடைபெற்றது. அத்துறைமுக நகரிற் கூலி வேலை செய்து, பின்னர் அந்தச் சப்பாத்து வியாபாரத்தில் ஒட்டிக்கொண்ட இளைஞர் ஒருவர் இருந்தார். யுத்தம் ஓய்ந்தபின், அவ்வியாபாரிகள் தலைநகராகிய சியோலுக்குச் சென்று, கையிலிருந்த பணத்தைப் படத் தயாரிப்பிலே முடக்கினர். இளைஞரையும் அங்கே அழைத்துக்கொண்டனர். கலையார்வம் அவரை அங்கே இழுத்துச் செல்லவில்லை. உண்ண உணவும் படுக்க இடமும் கிடைக்கும் என்பதற்காகவே போனார். நூற்றிரண்டு படங்களை நெறிப்படுத்திய இம் குவோன் தெக் திரையுலகிற் புகுந்த வரலாறு இதுதான்.

1930களின் நடுப்பகுதியில் தென் ஜொல்லா மாகாணத்திற் பிறந்தவர் அவர். குடும்பத்திற் சிலர் இடதுசாரிகளின் பக்கம் நின்றவர்கள். ஒருவர் செய்த செயலுக்காக உறவினர் அனைவரும் சந்தேகத்துக்கு உள்ளாகும் நிலைமை அந்நாளைய தென் கொரியாவில் இருந்தது. ஊரிலே தலைநிமிர்ந்து வாழ வழியின்றி, இளவயதிலேயே வீட்டைவிட்டு வெளியேறினார். இந்த வடுவை அவருடைய பிற்காலப் படங்களிற் காணலாம். முற்காலப் படங்களிலோ அதன் நிழல்கூட விழாதபடி காத்துக்கொண்டார் என்றே நாம் எண்ணுகிறோம்.

1956ஆம் ஆண்டளவில் ஜொங் சாங் வா என்னும் நெறியாளரிடம் எடுபிடியாகச் சேர்ந்தார். இந்த ஜொங் சாங் வாதான் பின்னாளில் ஹொங்கொங் சென்று குங்பூ சண்டைப் படங்களால் உலகப் பெயர் பெற்றவர். ஆசிரியர் எத்துறையில் வல்லவரோ அத்துறையிலேயே மாணவரும் தேறினார். 1962இல் வெளிவந்த முதற்படம் 'தூமன் நதியே, போய் வருகிறேன்'. ஜப்பானிய ஆட்சியை எதிர்த்து மஞ்சூரியப் பனிவெளியிலே போராடும் மாணவர்களின் கதை. படம் நன்றாக ஓடியது. அதன்பின் அவருக்கு ஓய்வேயில்லை.

அக்காலத்துக் கொரியத் திரையுலகின் நடைமுறை விசித்திரமானது. 1961இல் ஆட்சியைக் கைப்பற்றிய இராணுவ அரசு, மறு ஆண்டே திரைப்படச் சட்டம் ஒன்றைக் கொண்டுவந்தது. படக் கொம்பனிகள் ஆண்டுதோறும் குறிப்பிட்ட தொகைப் படங்களைத் தயாரித்தாக வேண்டும். பிறநாட்டுப் படங்களை இறக்குமதி செய்யும் உரிமையும் உள்நாட்டுப் படத் தயாரிப்போடு பிணைக்கப்பட்டிருந்தது. இலாபம் கொழித்தது பிறநாட்டுப் படங்களிலேதான். ஆகவே அந்த உரிமைக்காக மட்டும், எவ்வளவு குறைந்த செலவிலும் நாளிலும் இயலுமோ அவ்வளவில், உள்நாட்டுப் படங்கள் சுட்டுத் தள்ளப்பட்டன. சொன்ன நாளிற் சொன்ன பணத்துக்குள் முடித்துக்கொடுப்பவர் என்ற பெயர் இம் குவோன் தெக்குக்கு இருந்தது. வாட்போர்ப் படம், அரண்மனைச் சூழ்ச்சிப் படம், யுத்தப் படம், கண்ணீர்ப் படம், சண்டியர் படம், சிரிப்புப் படம் என எது கேட்டாலும் எடுத்தார். சில ஆண்டுகளில் ஐந்து படங்களுக்கு மேலும் வெளிவந்தன. பத்தே ஆண்டுகளில் ஏறத்தாழ ஐம்பது!

இவற்றையெல்லாம் மக்கள் மறந்துவிட வேண்டும் என்பதே அவருடைய விருப்பம். வெட்கத்தோடு இதனைப் பலமுறை கூறியிருக்கிறார். 1973இல் வந்த 'களைகள்' என்னும் படத்தையே தாம் வேறு வழியில் நடக்கத் தொடங்கிய இடமாகக் குறிப்பிடுகிறார். இவ்விடயத்தில் நாம் அவரோடு முற்றாக உடன்படுவதற்கில்லை.

அந்த வேறு வழி எங்கே கொண்டுசென்றது என்பதைப் பார்ப்போம். 1981இல் 'மண்டலா' வந்தது. ஒழுக்கம் பேணும் இளந்துறவி ஒருவரும், மதுவை விடமாட்டாத மற்றொரு துறவியும் குளிர்காலச் சாலைகளிலே கூடி நடக்கும் கதை. 1987இல் 'வாடகைத் தாய்' படத்தில் நடித்த காங் சூ யோன் வெனிஸ் விழாவிற் சிறந்த நடிகைக்கான பரிசைப் பெற்றார்.

1985இல் எடுத்த 'கில்சோத்தும்' எம்மை நெடுநாள் உறங்கவிடாத படம். யுத்தத்திற் பிரிந்த குடும்பங்களைச் சேர்த்துவைக்கக் கொரிய ஒலிபரப்பு நிலையம் 1983இல் 138 நாட்கள் தொலைக்காட்சி நிகழ்ச்சி நடத்தியது. பத்தாயிரத்துக்கு மேற்பட்ட குடும்பங்கள் மீண்டும் சந்தித்தன, நாடே அழுதது. படத்திலும் ஒரு தாய் தன் மகனைத் தேடிச் செல்கிறாள், கண்டும்விடுகிறாள். அவனோ முரடன், வறியவன், அவளுடைய வாழ்வுக்கு முற்றிலும் அந்நியன். இரத்தப் பரிசோதனை அவனே மகனாக இருக்கக்கூடும் என்று கூறியபோதும், அவள் அவனை ஏற்காமற் காரைச் செலுத்திக்கொண்டு போய்விடுகிறாள். நாடு முழுவதும் ஆனந்தக் கண்ணீர் வடித்த வேளையில் இப்படியொரு முடிவைக் காட்ட எத்துணை நெஞ்சுரம் வேண்டும்!

1993இல் வந்த 'ஸோப்யொன்ஜே' சியோலில் மட்டும் பத்து இலட்சம் பேருக்கு மேல் பார்த்த முதற் கொரியப் படமாயிற்று. பாடுபவர் ஒருவர், முழவு கொட்டுபவர் ஒருவர் என இருவரே நடத்தும் பான்சோரி என்னும் கதைப்பாட்டுக் கலையைப் பற்றியது அது. ஊர் ஊராக அலையும் பாடகர், வளர்ப்பு மகளுக்குப் பாட்டும் வளர்ப்பு மகனுக்கு முழவும் கற்பிக்கிறார். பசியும் அடியும் பொறாமல் மகன் ஓடிவிடுகிறான். மகளும் போய்விடுவாளோ என்ற அச்சமும், துயரம் நிறைந்தாலன்றிக் குரல் கனியாது என்ற பிடிவாதமும் சேர, தந்தை மருந்து கொடுத்து அவள் கண்ணைக் கெடுத்துவிடுகிறார். கலைக்காக ஒரு பிள்ளையின் பார்வையைப் பறிக்கலாமா? படம் அவருக்காக வாதாடவில்லை. அவரை விரட்டவும் இல்லை. இது குறித்து வீட்டிலே பெரியவர்களும் பிள்ளைகளும் வாதாடிக்கொள்ளட்டும்.

இப்படத்திற் புகழ்பெற்ற காட்சியொன்று உண்டு. சொங்சான் தீவில், கல்மதில்களுக்கிடையே வளைந்துவரும் மண்பாதையிலே மூவரும் தொலைவிலிருந்து பாடிக்கொண்டு வருகின்றனர். சோர்ந்த பாட்டு மெல்ல மெல்லத் துள்ளத் தொடங்குகிறது, முழவு சேர்கிறது, ஆட்டமும் சேர்கிறது. ஐந்து நிமிடத்துக்கு மேல் வெட்டு எதுவும் இல்லை. கமரா ஊன்றிய இடத்தில் நிற்க, அவர்கள் ஆடிப்பாடி அதனைக் கடந்து போய்விடுகின்றனர். வெறும் பாதை மட்டும் எஞ்சுகிறது.

கமராவை ஊன்றிவிட்டுச் சும்மா இருக்கும் துணிவு முதற்படம் எடுப்பவருக்கு எளிதில் வராது. ஐம்பது படங்களில் ஆயிரக்கணக்கான வெட்டுக்களை அவசர அவசரமாகப் போட்ட கைக்கே, எங்கே வெட்டத் தேவையில்லை என்பது தெரியும். பழைய தொழிலும் அவரை விட்டுப் போய்விடவில்லை. 1990இல் 'தளபதியின் மகன்' என்ற சண்டியர் படத்தை எடுத்துப் படமாளிகைகளை நிரப்பினார். 2002இல் கான் விழாவிற் சிறந்த நெறியாளருக்கான பரிசை அவருக்கு ஈட்டித்தந்த 'சிஹ்வாசொன்', குடித்துக் குடித்துத் தீட்டிக்கொண்டேயிருந்த பத்தொன்பதாம் நூற்றாண்டு ஓவியர் ஒருவரின் கதை. கேட்டவர்க்கெல்லாம் படம் தீட்டிக்கொடுத்து, தமக்கென ஒன்றைத் தீட்டத் தவித்த அவ்வோவியரில் யாருடைய சாயல் இருக்கிறதென்று நாம் சொல்ல வேண்டியதில்லை.

நூறாவது படம் 2007இலும், நூற்றிரண்டாவது 2014இலும் வந்தன. கொரியத் திரைப்படக் காப்பகம் அவருடைய படங்கள் சிலவற்றை யூடியூபில் இலவசமாகவே வைத்திருக்கிறது. மாணவர்கள் 'ஸோப்யொன்ஜே'யிலிருந்து தொடங்கலாம். அறுபதுகளில் அவர் எடுத்த வாட்போர்ப் படம் ஏதேனும் கண்ணிற் பட்டால், அவர் வேண்டாமென்று சொன்னபோதிலும், அதனையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.