ஆசனம் யாருக்குச் சொந்தம்?

மட்டக்களப்பு வாவியின் இரு கரைகளிலும் வேளாண்மை செய்வோர் ஒரு நியாயத்தை அறிவர். போடியாரின் வயலை முல்லைக்காரன் எத்துணைத் திறமையுடன் விளைவித்தாலும், போடியாரைக் கேளாது அவ்வயலைப் பிறருக்குக் கைமாற்ற அவனுக்கு உரிமையில்லை. பாராளுமன்ற ஆசனத்துக்கும் இந்த நியாயமே பொருந்தும் என்பது எமது கருத்து. இங்கே போடியார் வாக்காளரே.

திரு. செ. இராசதுரை அவர்களின் அரசியல் வாழ்வை இந்நியாயத்தைக் கொண்டே எடைபோட விரும்புகிறோம். 1956 முதல் 1989 வரை முப்பத்துமூன்று ஆண்டுகள் அவர் மட்டக்களப்பின் பாராளுமன்ற அங்கத்தவர். 1956, 1960 மார்ச், 1960 ஜூலை, 1965, 1970, 1977 என ஆறு பொதுத் தேர்தல்களில் மக்கள் அவரைத் தேர்ந்தனர். ‘சொல்லின் செல்வர்’ என்று தமிழ் மக்கள் அவரை அழைத்தது வெறும் முகமன் அன்று. சிங்களம் மட்டும் சட்டம் வந்த ஆண்டிலே பாராளுமன்றம் புகுந்தவர் அவர். 1961-இல் கச்சேரி வாசலில் நம் மக்கள் அறப்போர் நடத்திய நாட்களிலும் முன்னணியில் நின்றார். 1967-இல் மட்டக்களப்பு மாநகர சபையின் முதலாவது மேயரானார். இவற்றை மறுப்பவர் நன்றி மறந்தவராவர்.

1977-இல் வந்தது சோதனை. தமிழர் விடுதலைக் கூட்டணியின் உதயசூரியன் சின்னத்தில் அவர் நிற்க, அதே தொகுதியில் கவிஞர் காசி ஆனந்தன் தமிழரசுக் கட்சியின் வீட்டுச் சின்னத்தில் நிறுத்தப்பட்டார். ஓரணியின் இரு சின்னங்கள் ஒன்றையொன்று எதிர்த்த அந்தக் கோலத்துக்குத் தலைமையே பொறுப்பு. இருபது ஆண்டுகளுக்கு மேல் உழைத்தவரின் மனம் புண்பட்டிருந்தால் அதில் வியப்பில்லை. ஆயினும் வாக்காளர் தீர்ப்புத் தெளிவாக இருந்தது. கூட்டணியின் வேட்பாளராகவே அவரை அவர்கள் அனுப்பினர்.

1978 நவம்பரில் வீசிய சூறாவளி வீடுகளையும் தென்னைகளையும் வீழ்த்தி மாவட்டத்தை நிலைகுலையச் செய்தது. 1979 பெப்ரவரியில், கட்சியினின்று விலகும், விலக்கப்படும் அங்கத்தவரைப் பற்றிய அரசியலமைப்பின் இரண்டாம் திருத்தம் நிறைவேறியது. மறு மாதமே திரு. இராசதுரை ஐக்கிய தேசியக் கட்சியிற் சேர்ந்து, பிரதேச அபிவிருத்தி அமைச்சரானார்.

அழிந்த மாவட்டத்தை நிமிர்த்த ஆட்சியின் கரம் வேண்டாமா என்று கேட்போர் உளர். வேண்டும். அவர் அமைச்சராயிருந்த காலத்தில், 1982-இல், சுவாமி விபுலானந்தர் பெயரால் எழுந்த இசை நடனக் கல்லூரி இன்று கிழக்குப் பல்கலைக்கழகத்தின் நிறுவகமாக நிற்கிறது. அதன் பயனை நாம் குறைத்துரைக்கவில்லை. எமது கேள்வி வேறு: அந்தப் பாதை சரியென்று அவர் நம்பியிருந்தால், அதனை மக்கள் முன் வைத்து ஏன் ஆணை கேட்கவில்லை?

கேட்கும் வழி அறியாத வழியன்று. தந்தை செல்வா 1972-இல் புதிய குடியரசு அரசியலமைப்பை எதிர்த்துக் காங்கேசன்துறை ஆசனத்தைத் துறந்தார். அரசாங்கம் இழுத்தடித்தது. 1975 பெப்ரவரியிலேதான் இடைத்தேர்தல் நடந்தது. கொள்கையில் ஓர் அடியும் மாறாத மனிதரே மக்களிடம் திரும்பிச் சென்று பெருவெற்றியோடு மீண்டார். கட்சி மாறியவர் சென்றிருக்க வேண்டாமா? 1982 சர்வசன வாக்கெடுப்புப் பாராளுமன்றத்தின் ஆயுளை நீட்டியமையால், 1977-இல் வாக்களித்த மட்டக்களப்பு மக்கள் 1989 வரை பொதுத் தேர்தலில் தம் தீர்ப்பைச் சொல்ல முடியாதிருந்தனர். முப்பத்துமூன்று ஆண்டுகளில் இறுதிப் பத்தாண்டு மக்கள் கொடுத்த ஆணையின்படி நடந்ததன்று.

பழங்கதையை ஏன் கிளறுகிறீர்கள் என்பீர்களாயின், 2018-ஐ நினைவூட்டுவோம். தமிழ்த் தேசியக் கூட்டமைப்பின் பெயரால் மட்டக்களப்பில் தெரிவான ஒருவர் அவ்வாண்டு நவம்பரில் அரசின் பக்கம் சென்று பிரதியமைச்சரானார். அபிவிருத்தியா உரிமையா என்ற விவாதம் மீண்டும் எழுந்தது. வாக்காளரைக் கேட்டார்களா என்ற கேள்வி மட்டும் மீண்டும் மறைந்தது.

அபிவிருத்தியை நாடுவது குற்றமன்று. உரிமையை வலியுறுத்துவதும் குற்றமன்று. எதை எவ்வழியில் நாடுவதென்று தீர்மானிக்கும் அதிகாரம் எழுவான்கரையிலும் படுவான்கரையிலும் வாழும் வாக்காளருக்கே உரியது. ஆகவே இனி வாக்குக் கேட்டு வரும் ஒவ்வொருவரிடமும் ஓர் உறுதிமொழி கேளுங்கள்: “கட்சி மாறினால் ஆசனத்தைத் துறந்து எம்மிடம் திரும்பி வருவீரா?” விடை சொல்லத் தயங்குவோருக்கு வயலை ஒப்படையாதீர்.