தயாரிப்பாளரின் பேனா

ஹிட்லர் பதுங்குகுழியில் கொதித்துக் கத்தும் அந்தக் காட்சி, யாரோ எழுதிச் சேர்த்த கேலி வசனத்தோடு இந்த வாரமும் கைபேசிகளில் சுற்றுகிறது. கேலியில் எனக்கு மறுப்பில்லை. நடித்தவர் புரூனோ கான்ஸ் என்று சிலர் அறிவார்கள். இயக்கியவர் ஆலிவர் ஹிர்ஷ்பீகல் என்று இன்னும் சிலர். எழுதியவரைச் சொல்ல ஆளில்லை. திரைக்கதையாசிரியனை மறக்கும் இந்தக் கொடுமை புதிதல்ல. இம்முறை மறக்கப்பட்டவர் படத்தின் தயாரிப்பாளரும்கூட: பெர்ன்ட் ஐஷிங்கர்.

1949இல் நொய்பர்க்கில் பிறந்து, மியூனிக் திரைப்படக் கல்லூரியில் படித்து, 1979இல் கான்ஸ்டன்டின் நிறுவனத்தில் பங்கு வாங்கி, அதை ஜெர்மன் சினிமாவின் பெரிய சக்தியாக்கியவர். அந்தக் காட்சி இடம்பெற்ற 'டெர் உண்டர்காங்' (2004) படத்தை யோகிம் ஃபெஸ்டின் நூலிலிருந்தும் ஹிட்லரின் செயலாளர் ட்ரௌடல் யுங்கேயின் நினைவுகளிலிருந்தும் அவர்தான் எழுதினார். ஹிட்லரின் சாவைக் காட்டாத இப்படத்துக்குச் சொந்தப் பார்வையே இல்லை என்று இயக்குநர் விம் வெண்டர்ஸ் சாடினார். ஏற்க முடியவில்லை. முதிய யுங்கே தன்னையே குற்றம்சாட்டிப் பேசும் ஆவணப்பதிவு படத்தின் தொடக்கத்திலும் முடிவிலும் இருக்கிறது. அதைவிடத் தெளிவான பார்வை எது?

பணம் போடுபவர் பேனாவைத் தொட்டால் இலக்கியம் சந்தைச் சரக்காகும் என்பார்கள். 'முடிவில்லாக் கதை' (1984) படத்தை மூல நாவலை எழுதிய மிகாயெல் எண்டே வெறுத்து, தொடக்கப் பெயர்ப்பட்டியலிலிருந்து தன் பெயரை நீக்கச் செய்தது உண்மை. ஆனால் அதில் ஐஷிங்கர் தயாரிப்பாளர்களில் ஒருவர், திரைக்கதை அவருடையதல்ல. எழுதவும் செய்தபோது என்ன நடந்தது என்பதற்குப் 'பெர்ஃப்யூம்' சாட்சி. எனக்கு மிகப் பிடித்த நாவல்களில் ஒன்று. 1985இல் வந்தது. மணத்தின் வழியே மட்டும் உலகை அறிகிற, தனக்கென்று உடல்மணமே இல்லாத ஒரு கொலைகாரனின் கதை. திரையில் காட்ட இதைவிடக் கடினமான பொருள் வேண்டுமா? நாவலை எழுதிய ஸூஸ்கிண்ட் நெடுங்காலம் படமாக்கும் உரிமை தர மறுத்தார். ஐஷிங்கர் விடவில்லை. பல ஆண்டு காத்திருந்து வாங்கி, ஆண்ட்ரூ பர்கினோடும் இயக்குநர் டாம் டைக்வரோடும் சேர்ந்து எழுதினார். நாவலின் கதைசொல்லிக் குரலை விட்டுவிடவில்லை. பாரிஸ் மீன்சந்தையின் அழுகலையும் சேற்றையும் கண்ணருகே கொண்டுவந்து, பார்ப்பவரின் நினைவிலுள்ள நாற்றத்தைக் கிளப்பினார்கள். சந்தையை மட்டும் கணக்கிடுபவர் இத்தனை ஆண்டு ஒரு நாவலுக்காகக் காத்திருக்க மாட்டார். 2006இல் படம் வந்தது. 2011 ஜனவரியில் தம் 61ஆம் வயதில் ஐஷிங்கர் இறந்தார். நாவலை முதலில் படியுங்கள், பிறகு படத்தைப் பாருங்கள். எழுதியவர்கள் பெயர் வரும்வரை நிறுத்தாதீர்கள்.