மரவட்டையைக் கொல்லும் முன் எண்ணிப் பாருங்கள்



ஆயர் ஈத்தாம் மலையடிவாரத்தில் இரண்டு நாள் விடாமல் மழை பெய்தால் போதும், கால்வாய் ஓரங்களிலும் வீட்டுச் சுவர்களிலும் மரவட்டைகள் ஏறத் தொடங்கிவிடும். உடனே உப்பும் பூச்சிக்கொல்லியும் வெளியே வந்துவிடுகின்றன. “கடித்துவிடும், கிட்டே போகாதே” என்று பிள்ளைகளையும் மிரட்டி வைக்கிறோம்.

இவ்வச்சம் எங்கிருந்து வந்தது? தோட்டப்புறங்களில் உழைத்த நம் முன்னோர் இரத்தம் உறிஞ்சும் அட்டைகளோடு அல்லற்பட்டவர்கள். மரவட்டையின் பெயரிலும் ‘அட்டை’ ஒட்டிக்கொண்டிருப்பதால், அந்த வெறுப்பு இதன்மீதும் படிந்துவிட்டதோ என்று எண்ணத் தோன்றுகிறது. போதாக்குறைக்குப் பூரானின் கடியையும் இதன் கணக்கிலேயே எழுதிவிடுகிறோம்.

உண்மை வேறு. பூரானுக்கு உடலின் ஒவ்வொரு கண்டத்திலும் ஓரிணைக் கால்கள் உண்டு. அது இரையை நஞ்சேற்றிக் கொல்லும். மரவட்டைக்கோ பெரும்பாலான கண்டங்களில் ஈரிணைக் கால்கள். அதற்கு நச்சுப்பல்லும் இல்லை, கொடுக்கும் இல்லை. தொட்டால் சுருண்டுகொள்ளும். சில இனங்கள் தோலில் கறைபடியும் நீரைச் சுரக்கும். அது கண்ணில் பட்டால் எரியும். ஆகவே, தொட்ட கையை உடனே சோப்புப் போட்டுக் கழுவிவிட வேண்டும். இன்னொன்று, மரவட்டை பூச்சியே அன்று. பூச்சிகளுக்குக் கால்கள் ஆறுதான்.

மதுரை மீனாட்சியம்மன் கோயிலின் ஆயிரங்கால் மண்டபத்தில் இருப்பவை 985 தூண்கள். மரவட்டைக்கு வழங்கும் ‘ஆயிரங்காலி’ என்னும் பெயரும் நெடுங்காலம் அப்படித்தான் பேச்சளவில் இருந்தது. அறியப்பட்டவற்றுள் 750 கால்களே மிகுதி. மேற்கு ஆஸ்திரேலியாவில் கனிமம் தேடித் துளைத்த குழியில், நிலத்திற்கு 60 மீட்டர் கீழே கிடைத்த ஓர் இனத்திற்கு 1,306 கால்கள் இருப்பதாக 2021இல்தான் அறிவித்தார்கள். யாரோ பொறுமையாக எண்ணிப் பார்த்ததால் பெயர் மெய்யாயிற்று.

இதுவரை பெயரிடப்பட்ட மரவட்டை இனங்கள் ஏறத்தாழ 12,000. நம் அண்டை நாடான தாய்லாந்தில், பளிச்சென்ற இளஞ்சிவப்பு நிற மரவட்டையொன்று 2007இல் அறிவியலுக்கு அறிமுகமாயிற்று. இவற்றுள் பெரும்பாலானவை மட்கிய இலைகளையும் உளுத்த மரத்தையும் தின்று, அவை மண்ணாவதற்குத் துணைசெய்கின்றன. காட்டுத் தரையில் சருகு மலைபோல் குவியாதிருப்பதில் இவற்றுக்கும் பங்குண்டு.

அதே 2021ஆம் ஆண்டில் நம் பினாங்குக் கொடிமலையை யுனெஸ்கோ உயிர்க்கோளக் காப்பகமாக ஏற்றுக்கொண்டது. யூ.பி.எஸ்.ஆர். தேர்வு நிறுத்தப்பட்டதும் அவ்வாண்டில்தான். “தேர்வுக்கு வராததைக் கற்பிக்க நேரமேது?” என்று ஆசிரியர்களாகிய நாம் சொல்லிவந்த காரணம் அத்துடன் தீர்ந்தது. ஆயினும் இன்றும் படத்தைக் காட்டி, கோடிட்ட இடத்தை நிரப்பச் செய்வதோடு பல வகுப்புகளில் அறிவியல் பாடம் முடிந்துவிடுகிறது.

உலகம் மதிக்கும் மலை நம் பள்ளிப் பிள்ளைகளின் கண்ணெதிரே நிற்கிறது. அதன் உயிர்கள் மழைநாளில் வாசலுக்கே வருகின்றன. ஓர் உருப்பெருக்கியும் ஒரு தாளும் கொடுத்து, “இதற்கு எத்தனை கால்கள்? எண்ணி எழுது” என்று சொன்னால் போதும். கவனித்தல், எண்ணுதல், பூரானோடு ஒப்பிடுதல், தமிழில் எழுதுதல் ஆகிய நான்கும் ஒரே பாடவேளையில் அமைந்துவிடும். செலவும் இல்லை.

பிள்ளைகளுக்கு ஓர் உயிரின் பெயரைக் கற்பிக்கும் முன்பே அதைக் கொல்லக் கற்பிப்பது கல்வியாகுமா? பெற்றோரும் ஆசிரியரும் சிந்திக்க வேண்டுகிறேன்.