மொதல்ல அளங்க, அப்புறம் கோர்ட்டுக்குப் போங்க

எங்க தாராபுரம் பக்கம் ரெண்டு பங்காளிங்க பேசிக்காம இருந்தா காரணம் பெரும்பாலும் பொழியாத்தான் இருக்கும். பொழின்னா என்னன்னு கேக்கற சென்னை மக்களுக்கு: ரெண்டு காட்டுக்கு நடுவுல இருக்கற எல்லை.

இந்தப் பக்கம் அது ஏன் இவ்வளவு தகராறு ஆகுதுன்னா, எங்க எல்லைக்கு உயிர் இருக்கு. காங்கயம், தாராபுரம் சுத்துல ஆடு மாடு மேய கொறங்காடு விட்டிருப்பாங்க. சுத்தி கிளுவை வேலி. கிளுவை வருஷா வருஷம் தடிக்கும். நடுவுல பட்டுப்போன இடத்துல புதுப் போத்து நடுவாங்க, அது ஒரு அடி இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ போகும். சர்வே கல்லு வேலிக்குள்ள புதைஞ்சிடும், இல்லைன்னா ஜேசிபி பேத்துப் போட்டுடும். தாத்தா காலத்துல யாரும் கண்டுக்கலை. காத்தாடி வந்து, சைட் போட்டு, சென்ட் விலை ஏறினதும் எல்லாருக்கும் கண்ணு தொறந்துடுச்சு.

சரி, கோர்ட்டுக்குப் போறோம். அங்க என்ன நடக்குது? "என் அனுபவத்துல குறுக்கிடக் கூடாது"ன்னு உறுத்துக் கட்டளை கேட்டு ஒரு வழக்கு. எதிராளியும் அதையேதான் சொல்லுவார். ரெண்டு பேர் கிட்டயும் பட்டா இருக்கு, பத்திரம் இருக்கு. பத்திரத்துல நான்கு மால் பாத்தா "இன்னார் காட்டுக்குக் கிழக்கு"ன்னு, செத்து நாப்பது வருஷம் ஆனவர் பேரு இருக்கும். சாட்சி, குறுக்கு விசாரணை, வாய்தா. கோடு எங்க இருக்குங்கறதுதான் மொத்தக் கேள்வியே. அதைக் கடைசியாத்தான் கேக்கறாங்க.

சொந்தத்துல ஒரு பெரியப்பா கேஸ். ஒன்றரை அடி அகலம், முன்னூறு அடி நீளம். கணக்குப் போட்டா 450 சதுர அடி, ஒரு சென்டை விடக் கொஞ்சம் கூட. ஒன்பதாவது வருஷம்தான் வக்கீல் ஆணையரும் சர்வேயரும் வந்தாங்க. அளக்க அரை நாள் ஆச்சு. கல்லு வேலிக்குள்ளயே இருந்துச்சு! இந்த ஒன்பது வருஷத்துல பக்கத்துக் காட்டுக்காரரோட அம்மா செத்ததுக்குப் பெரியப்பா எழவுக்குக்கூடப் போகலை. அதை எந்தத் தீர்ப்பு திருப்பிக் கொடுக்கும்?

சட்டத்துல வழி இல்லாமல் இல்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்துல கட்டளை 26, விதி 9-ன்படி கோர்ட் ஆணையரை அனுப்பி இடத்தைப் பாக்கலாம். ஹரியானா வக்ஃபு வாரியம் தொடுத்த வழக்குல 2008-ல் உச்ச நீதிமன்றம், தகராறே எல்லை பத்தினதா இருக்கும்போது ஆணையர் கேட்ட மனுவைத் தள்ளுபடி செஞ்சது சரியில்லைன்னு சொல்லிடுச்சு. "ஆதாரம் திரட்டறதுக்கு ஆணையர் கிடையாது"ன்னு எதிர்வாதம் வரும். யார் அனுபவிக்கறாங்கங்கற கேள்விக்கு அந்த வாதம் சரிதான், அதுக்கு சாட்சி வேணும். ஆனா கோடு எங்கன்னு எந்தச் சாட்சி வாயால சொல்ல முடியும்? சங்கிலிதான் சொல்லணும். அதனால எல்லை வழக்குல ஆரம்பத்துலயே அளந்துடணும்ங்கறது என் கட்சி.

அளந்தா எல்லாம் முடிஞ்சிடும்னு சொல்லலை. "12 வருஷத்துக்கு மேல எதிரிடையா என் அனுபவத்துல இருக்கு"ன்னு ஒருத்தர் சொன்னா அதைக் கோர்ட்தான் முடிவு பண்ணணும். பட்டா மட்டுமே உரிமை ஆகாது. நிலம் யாருதுங்கறதே நிஜமான சந்தேகம்னா வெறும் உறுத்துக் கட்டளை பத்தாது, உரிமை விளம்புகையும் கேக்கணும்னு அனதுலா சுதாகர் வழக்குல அதே 2008-ல் சொல்லியிருக்காங்க. ஆனா புலப்படத்தை வெச்சு அளந்துட்டு வந்தா, சண்டை எவ்வளவு இடத்துக்குன்னாவது தெரியும். பாதிப் பேர் அங்கயே சமாதானம் ஆயிடுவாங்கன்னு நான் நம்பறேன்.

வக்கீலைப் பாக்கறதுக்கு முன்னாடி செய்ய வேண்டியது ஒண்ணு இருக்குங்க. நிலத்தை அளந்து அத்து காட்டச் சொல்லி அரசாங்கத்துல மனு போடலாம், 2023-ல் இருந்து ஆன்லைன்லயே. சர்வேயர் வர்ற அன்னிக்குப் பக்கத்துக் காட்டுக்காரரையும் நீங்களே போய்க் கூப்பிடுங்க. அவர் இல்லாம அளந்த அளவை அவர் ஒத்துக்க மாட்டார். கயித்துல நீங்களா அளக்காதீங்க. பழைய படத்துல அளவு லிங்க்ஸ்ல இருக்கும், 66 அடி சங்கிலியில நூறுல ஒரு பங்கு. அதை அடின்னு நினைச்சா அதுவே புது வழக்கு :-)

கல்லு கிடைச்சா அன்னிக்கே ரெண்டு பேருமா நின்னு, கண்ணுக்குத் தெரியற மாதிரி சுத்தம் பண்ணி வெச்சிடுங்க. அடுத்த தலைமுறைக்கு நாம குடுக்கற சொத்துல அதுவும் ஒண்ணு.

உங்க ஊர்ல பொழித் தகராறு எப்படித் தீருதுன்னு சொல்லுங்களேன்.

டிஸ்கி: நான் வக்கீல் இல்லை, பொட்டி தட்டறவன். கேஸ் போடறவங்க நல்ல வக்கீலைப் பாருங்க.