ஸ்டூல் செய்வது எப்படி?

தாம்பரத்தில் "ஸ்டூல்" என்று சொல்லிப் பாருங்கள். கேட்கிற ஆளைப் பொறுத்து அர்த்தம் மாறும். தச்சர் என்றால், "எத்தனை அடி உயரம்? தேக்கா, நாட்டு மரமா?" என்பார். ரத்தப் பரிசோதனை நிலையம் என்றால் ஒரு சின்ன டப்பாவைக் கையில் கொடுத்து, "நாளைக்குக் காலையில எடுத்துட்டு வாங்க" என்பார்கள். தோட்டக்கலை படித்தவர் என்றால் கொய்யாச் செடியைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிடுவார்.

ஒரே சொல்லுக்கு ஏன் இப்படி மூன்று வேலை?

பழைய ஆங்கிலத்தில் இந்தச் சொல்லுக்கு வெறும் "இருக்கை" என்றுதான் பொருள். அரசன் உட்காரும் சிம்மாசனத்துக்கும் இதே பெயர்தான். ஜெர்மன் மொழியில் இன்றும் நாற்காலிக்கு "ஷ்டூல்" என்றுதான் பெயர். பிறகு பிரெஞ்சு மொழியிலிருந்து "சேர்" வந்து முதுகு சாய்கிற இருக்கையைப் பிடித்துக்கொண்டது. முதுகும் கையும் இல்லாத குட்டி இருக்கை மட்டும் ஸ்டூல் என்று மிஞ்சியது. மொழியிலும் பதவி இறக்கம் உண்டு!

டப்பா சமாச்சாரம் எப்படி வந்தது? அந்தக் காலத்து ஐரோப்பியப் பணக்கார வீடுகளில், உள்ளே சட்டி வைத்த ஓட்டை இருக்கை ஒன்று இருக்கும். "ஸ்டூலுக்குப் போகிறேன்" என்றால் அதில் உட்காரப் போகிறேன் என்று அர்த்தம். நாளடைவில் இருக்கையின் பெயர் அங்கே நடந்த காரியத்துக்கு ஆகி, கடைசியில் அதன் விளைவுக்கும் ஆகிவிட்டது. சிரிக்க வேண்டாம், தமிழும் இதையேதான் செய்தது. "வெளிக்குப் போறது", "கொல்லைக்குப் போறது", "ஒதுங்குறது" எல்லாம் என்ன? சொல்லக் கூசுகிற விஷயத்துக்கு இடத்தின் பெயரை வைப்பது எல்லா ஊர் வழக்கமும்தான்.

இன்னொரு வேடிக்கை. எட்டாம் ஹென்றி காலத்து இங்கிலாந்தில் அரசன் காலைக்கடன் கழிக்கும்போது கூட இருந்து உதவுவதற்கென்றே ஒரு பதவி இருந்தது. அதற்குப் பெயரே ஸ்டூலின் பணியாளர். கேவலமான வேலை என்று நினைத்தால் தப்பு. அரசனோடு தனியாகப் பேச முடிந்தவர் என்பதால் பெரிய பிரபுக்களே அந்த வேலைக்குப் போட்டி போட்டார்கள்.

கொய்யாக் கதை வேறு. தாய்ச்செடியைத் தரையை ஒட்டி வெட்டிவிட்டால் அடிக்கட்டையிலிருந்து புதுத் தளிர்கள் கிளம்பும். அவற்றின் அடியில் பட்டையை வளையமாக நீக்கி, மண்ணைக் குவித்து மூடினால், மண்ணுக்குள் வேர் விடும். பிறகு பிரித்து நடலாம். அந்த அடிக்கட்டைக்கும் ஸ்டூல் என்றே பெயர். குட்டையாக, தட்டையாக, தரையோடு ஒட்டி நிற்கிறதே!

சரி, தமிழுக்கு வருவோம். இங்கே கால்களை எண்ணிப் பெயர் வைத்தார்கள். மூன்று கால் என்றால் முக்காலி, நான்கு கால் என்றால் நாற்காலி. காலே இல்லாமல் தரையோடு கிடந்தால் மணை. மணையில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். மாப்பிள்ளையையும் பெண்ணையும் மணையில் உட்கார வைத்தார்கள். அரிவாள்மணை மேல் உட்கார்ந்து காய் நறுக்கினார்கள். முக்காலிக்கு இன்னொரு முகமும் உண்டு. சவுக்கடி கொடுப்பதற்காக ஆளைக் கட்டிவைத்த சட்டத்துக்கும் முக்காலி என்றுதான் பெயர். உட்கார வைத்து மரியாதை செய்வதும் நிற்க வைத்துத் தண்டிப்பதும் ஒரே பெயரில்! இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

செய்முறை என்று பார்த்தால் ஸ்டூல் எளிமையான பொருள். மேலே ஒரு பலகை. அதில் துளையிட்டோ சட்டம் கொடுத்தோ கால்களைச் செருக வேண்டும். கால்களைக் கொஞ்சம் வெளிப்பக்கமாகச் சாய்த்து வைப்பார்கள். அடிப்பரப்பு அகலமானால் எளிதில் கவிழாது. கால்களுக்கு நடுவே குறுக்குச் சட்டம் அடித்தால் ஆடாது. முக்காலியில் ஒரு கணக்கு இருக்கிறது. மூன்று புள்ளிகள் எப்போதும் ஒரே தளத்தில் அமையும். அதனால் மேடு பள்ளமான மண்தரையிலும் முக்காலி ஆடாது. நாற்காலிதான் ஆடும், அதற்குத்தான் பேப்பரை மடித்துக் காலுக்கு அடியில் செருகுகிறோம்.

இப்போது பெரும்பாலும் பிளாஸ்டிக்தான். பல்லாவரம் வெள்ளிக்கிழமைச் சந்தைக்குப் போனால் பழைய நாற்காலி, மேஜை எல்லாம் குவிந்து கிடக்கும். டீக்கடைகளில் பிளாஸ்டிக் ஸ்டூலைக் கோபுரம் மாதிரி அடுக்கி வைத்திருப்பார்கள். அதன் நடுவில் ஓட்டை எதற்கு தெரியுமா? ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கும்போது காற்று சிக்கி ஸ்டூல்கள் ஒட்டிக்கொள்ளாமல் இருக்க. விரலை விட்டுத் தூக்கவும் வசதி.

ஆக, ஸ்டூல் செய்வது பெரிய வித்தை இல்லை. ஆனால் செய்த ஸ்டூலில் யார் உட்காரலாம் என்பதுதான் பெரிய சண்டை.

"உட்காருங்க" என்பதுதான் நம் ஊரில் முதல் மரியாதை. தண்ணீர், காபி எல்லாம் அதற்கு அப்புறம்தான். "நிக்க வெச்சே பேசி அனுப்பிட்டான்" என்று ஒருவர் சொன்னால் அங்கே அவமானம் நடந்திருக்கிறது என்று விளக்கம் இல்லாமலே புரியும். 2020 அக்டோபரில் கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டை ஊராட்சியின் படம் ஒன்று வெளியானது. தேர்தலில் ஜெயித்த ஊராட்சித் தலைவர் தரையில் உட்கார்ந்திருக்கிறார், மற்றவர்கள் நாற்காலியில். அவர் பட்டியல் சாதிப் பெண். அந்த அறையில் நாற்காலிக்கா பஞ்சம்?

இருக்கைக்காகப் போரே நடந்திருக்கிறது. மேற்கு ஆப்பிரிக்காவில், இன்றைய கானாவில் வாழும் அசாந்தே மக்களிடம் ஒரு தங்க ஸ்டூல் உண்டு. தங்கள் இனத்தின் ஆன்மாவே அதில் இருப்பதாக நம்புகிறார்கள். அரசரே அதில் உட்காருவதில்லை. 1900இல் பிரிட்டிஷ் கவர்னர் ஹாட்ஜ்சன் குமாசி நகருக்குப் போய், "அதில் நான் உட்கார வேண்டும், கொண்டு வாருங்கள்" என்று கேட்டார். யா அசாந்தேவா என்ற பெண் தலைமையில் மக்கள் ஆயுதம் எடுத்தார்கள். போரில் பிரிட்டன் ஜெயித்தது, ஆனால் அந்த ஸ்டூல் மட்டும் கடைசிவரை அவர்கள் கைக்குக் கிடைக்கவில்லை.

அவ்வளவு தூரம் போக வேண்டாம். மேற்குத் தாம்பரம் சண்முகம் சாலைப் பக்கமோ குரோம்பேட்டை ஜி.எஸ்.டி. சாலைப் பக்கமோ மாலை ஏழு மணிக்கு ஏதாவது ஒரு பெரிய கடைக்குள் போங்கள். புடவை பார்க்க வந்தவருக்கு ஸ்டூல் இருக்கும். பில் போடுகிறவருக்கு நாற்காலி இருக்கும். காலையிலிருந்து புடவையை விரித்து விரித்து மடிக்கிற பெண்ணுக்கு? பெரும்பாலும் எதுவும் இருக்காது. கடையில் ஆளே இல்லாத மதிய நேரத்திலும் அவர் அலமாரியில் சாய்ந்தபடி நிற்பார். சூப்பர்வைசர் வந்தால் அந்தச் சாய்வும் போய்விடும்.

உடம்பு இதை எப்படித் தாங்குகிறது? காலுக்கு இறங்கிய ரத்தத்தை மேலே ஏற்றுவதில் கெண்டைக்கால் தசைக்குப் பெரிய பங்கு உண்டு. நடந்தால் அது பம்ப் மாதிரி வேலை செய்யும். ஒரே இடத்தில் நின்றால் ரத்தம் காலிலேயே தேங்கும். மாலையில் பாதம் வீங்கும். வருடக்கணக்கில் இப்படியே போனால் நரம்பு சுருட்டிக்கொள்ளும் ஆபத்து கூடும். சாயங்கால ரயிலில் உட்கார இடம் கிடைத்ததும் செருப்பைக் கழற்றிவிட்டுக் காலைப் பிடித்துவிடுகிற பெண்களைப் பார்த்திருப்பீர்கள். காரணம் இதுதான்.

சட்டம் ஒன்றும் புதிதில்லை. இங்கிலாந்தில் 1899லேயே, கடையில் வேலை செய்யும் மூன்று பெண்களுக்கு ஒரு இருக்கையாவது வேண்டும் என்று சட்டம் போட்டார்கள். இந்தியாவில் 1948ஆம் வருடத் தொழிற்சாலைகள் சட்டத்தின் 44ஆவது பிரிவு, நின்றே வேலை செய்யும் தொழிலாளிக்கு வாய்ப்புக் கிடைக்கும்போது உட்கார இருக்கை தர வேண்டும் என்றது. ஆனால் அது தொழிற்சாலைக்கு மட்டும். தாம்பரம் சானடோரியத்தில் 1984இல் வந்த மெப்ஸ் ஏற்றுமதி மண்டலத்துத் தொழிற்சாலைக்குள் இருந்தவருக்கு அந்தப் பிரிவு உண்டு. அதே ஜி.எஸ்.டி. சாலையில் துணி விற்றவருக்கு அப்படி ஒரு வரி இல்லை.

கேரளத்தில் கோழிக்கோடு மிட்டாய்த் தெரு கடைகளில் வேலை செய்த பெண்கள் இதற்காகச் சேர்ந்தார்கள். "பெண்கூட்டு" என்று அமைப்பு தொடங்கிய விஜி ஒரு தையல்காரர். அவர்களுடைய முதல் கோரிக்கை கழிப்பறை. கடையில் கழிப்பறை இல்லாததால் நாள் முழுக்கத் தண்ணீர் குடிக்காமல் இருந்தார்கள். அடுத்த கோரிக்கை உட்கார ஓர் இருக்கை. ஸ்டூல் என்ற சொல்லின் இரண்டு அர்த்தங்களும் ஒரே போராட்டத்தில் வந்து சேர்ந்ததைப் பாருங்கள். 2018இல் கேரள அரசு சட்டத்தைத் திருத்தியது.

அடுத்தது தமிழ்நாடு. 2021 செப்டம்பரில் சட்டமன்றத்தில் 1947ஆம் வருடக் கடைகள், நிறுவனங்கள் சட்டத்துக்குத் திருத்தம் வந்து 22-ஏ என்று ஒரு பிரிவு சேர்ந்தது. எல்லா ஊழியர்களுக்கும் பொருத்தமான இருக்கை வசதி இருக்க வேண்டும், வேலைக்கு நடுவே வாய்ப்புக் கிடைக்கும்போது அவர்கள் உட்காரலாம். தொழிற்சாலைச் சட்டத்துக்கும் இதற்கும் இடையில் 73 வருடம். ஒரு பலகைக்கும் நாலு காலுக்கும்!

சட்டம் வந்ததும் எல்லாம் மாறிவிட்டதா? சில கடைகளில் ஸ்டூல் வந்திருக்கிறது. அதன் மேல் துணிப்பை இருக்கும், தண்ணீர் பாட்டில் இருக்கும், மேல் தட்டில் இருக்கிற பெட்டியை எடுக்க ஏறி நிற்பார்கள். உட்காருவது மட்டும் இல்லை. "வாய்ப்புக் கிடைக்கும்போது" என்ற வார்த்தையில்தான் சிக்கல். வாய்ப்பு கிடைத்ததா இல்லையா என்று முடிவு செய்வது யார்? நிற்கிறவர் இல்லை, நிற்க வைத்தவர்!

முதலாளிகள் தரப்பிலும் ஒரு நியாயம் சொல்வார்கள். "கஸ்டமர் உள்ளே வரும்போது ஊழியர் உட்கார்ந்திருந்தால் மதிக்கவில்லை என்று நினைப்பார், வேறு கடைக்குப் போய்விடுவார்." இதை முழுப்பொய் என்று தள்ளிவிட முடியாது. அப்படி முகம் சுளிக்கிற வாடிக்கையாளர்கள் இருக்கிறார்கள். ஆனால் அதே ஆள் வங்கிக்குப் போனால் உட்கார்ந்திருக்கும் கிளார்க் முன்னால் அமைதியாக நிற்கிறார். ரயில்வே டிக்கெட் கவுண்டரில் உட்கார்ந்திருப்பவரிடம் குனிந்து பேசுகிறார். அங்கெல்லாம் மதிப்புக் குறையவில்லையே? அப்படியென்றால் பிரச்சினை உட்காருவதில் இல்லை. "என் காசுக்கு நிற்க வேண்டியவர்" என்று ஒருவரை முடிவு செய்துவிட்டதில் இருக்கிறது. இந்த இடத்தில்தான் ஸ்டூல் மறுபடி அந்தச் சவுக்கடி முக்காலி ஆகிறது. சவுக்கு மட்டும் இல்லை, அவ்வளவுதான்.

சேலையூர், மேடவாக்கம், பெருங்களத்தூர் அடுக்குமாடி வாசல்களில் இருக்கும் காவலாளிக்கும் இதே கதை. கார் வந்தால் எழுந்து நிற்க வேண்டும், சல்யூட் வைக்க வேண்டும். அறுபது வயதுக்காரர், ஒரு கால் உடைந்த ஸ்டூல். மாத பராமரிப்புக் கட்டணத்தில் நல்ல நாற்காலி ஒன்று வாங்க எத்தனை வீட்டுக்காரர்கள் கூட்டம் போட வேண்டும்?

எனவே ஆய்வுக்குப் போகிற தொழிலாளர் துறை அதிகாரிகள் கடையில் எத்தனை ஸ்டூல் இருக்கிறது என்று எண்ணினால் போதாது. எத்தனை பேர் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று எண்ண வேண்டும். வாடிக்கையாளர் செய்யக்கூடியது அதைவிட எளிது. புடவையை எடுத்துப் போடுகிறவரிடம் "நீங்க உட்கார்ந்தே காட்டுங்க" என்று, சூப்பர்வைசர் காதில் விழுகிற மாதிரி ஒரு தடவை சொல்லலாம். கஸ்டமர் சொல்லுக்குத்தான் அந்தக் கடையில் மதிப்பு. அதை இதற்குப் பயன்படுத்தினால் என்ன?

பள்ளியில் எல்லோரும் படித்த கதைதான். மோசிகீரனார் என்ற புலவர் நடந்து வந்த களைப்பில் சேரமன்னனின் முரசு கட்டிலில் ஏறித் தூங்கிவிட்டார். வேறு யாரும் ஏறக்கூடாத இடம் அது, ஏறினால் வெட்டுதான். மன்னன் வந்து பார்த்தான், எழுப்பவில்லை. கவரி எடுத்து வீசினான். களைத்த மனிதனுக்கு முன்னால் இருக்கையின் பெருமை ஒன்றுமில்லை என்று ஓர் அரசனுக்கே தெரிந்திருக்கிறது. அதைப் பாடப்புத்தகத்தில் படித்து மார்க் வாங்கிய ஊரில், ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலில் ஐந்து நிமிடம் உட்கார்ந்த பெண்ணை எழுப்பி நிறுத்துகிறார்கள்.

ஸ்டூல் செய்வது எப்படி என்று யாராவது கேட்டால் பலகை, கால், குறுக்குச் சட்டம் என்று சொல்லிவிடலாம். ஆனால் அதில் உட்கார வேண்டியவர் பயமில்லாமல் உட்காருகிற வரைக்கும் அந்த வேலை பாதியில்தான் நிற்கிறது.