கண்ணாடியில் தங்கிய காலம்

ஸ்காட்லாந்தின் மேற்குப் பகுதியில் ஒரு மலைச்சரிவு. பண்ணை வீட்டின் எதிரே மதில்மேல் உட்கார்ந்திருக்கும் ஒருவர் தன் வீட்டு ஜன்னலையே பார்த்துக்கொண்டிருக்கிறார். ஜன்னலுக்கு உள்ளே ஓர் இளம்பெண்ணும் ஒரு சிறு பையனும். கண்ணாடி வாங்க வந்திருக்கும் தம்பதிக்கு அதில் விசேஷமாக எதுவும் தெரியவில்லை. மழை தூறத் தொடங்குகிறது. விரிப்பை நனையாமல் வைப்பதற்காக, வந்தவரின் மனைவி ஓடிப்போய் வீட்டுக் கதவைத் திறக்கிறாள். உள்ளே யாரும் இல்லை. பராமரிப்பற்ற, அழுக்கேறிய வீடு. ஜன்னலில் தெரிந்த தாயும் மகனும் விபத்தில் இறந்து பல வருடங்களாகிவிட்டன.

1966-இல் 'அனலாக்' இதழில் வெளியான 'லைட் ஆஃப் அதர் டேஸ்' என்ற சிறுகதையின் காட்சி இது. எழுதியவர் பாப் ஷா. பெல்ஃபாஸ்டில் 1931-இல் பிறந்து 1996-இல் மறைந்தவர். கதைக்காக அவர் கற்பனை செய்த பொருள் 'ஸ்லோ கிளாஸ்' - மந்தக் கண்ணாடி. ஒரு பக்கம் நுழையும் ஒளி மறுபக்கம் வந்து சேரப் பத்து வருடம்கூட ஆகும். அழகான ஏரிக்கரையில் பத்து வருடம் நிறுத்திவைத்த கண்ணாடியை நகரத்து வீட்டில் பொருத்தினால், அடுத்த பத்து வருடத்துக்கு ஜன்னலில் ஏரி தெரியும். பண்ணைக்காரர் விற்பது அதைத்தான். தன் வீட்டுக் கண்ணாடியை மட்டும் அவர் விற்பதில்லை.

காலத்தைக் கையாளும் கதைகளுக்குப் பஞ்சமில்லை. எச்.ஜி. வெல்ஸ் 1895-லேயே கால யந்திரத்தில் ஆளை ஏற்றி அனுப்பிவிட்டார். ஷாவின் நாயகன் எங்கும் போவதில்லை, போகவும் முடியாது. இறந்தவர் எழுதிய கடிதம் தபாலில் தாமதமாக வந்து சேர்வதைப் போன்றது அவர் காணும் காட்சி. படிக்கலாம், பதில் போட முடியாது. மனைவி சிரிப்பது தெரியும், கேட்காது. அதோடு, கண்ணாடிக்குள் இருக்கும் வருடங்கள் நாளுக்கு நாள் குறைந்துகொண்டே வருகின்றன. ஒருநாள் அந்த ஜன்னலிலும் காலி வீடுதான் தெரியும்.

ஷா இதோடு விடவில்லை. 1967-இல் எழுதிய 'பர்டன் ஆஃப் புரூஃப்' கதையில் கொலை நடந்த இடத்தில் ஐந்து வருடக் கண்ணாடி ஒன்று இருக்கிறது. அது உண்மையைக் காட்டும்வரை சட்டம் காத்திருக்கவில்லை. குற்றவாளி என்று தீர்ப்பளிக்கப்பட்டவருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டாயிற்று. ஐந்தாவது வருடம், தீர்ப்பளித்த நீதிபதி அந்தக் கண்ணாடியின் முன் வந்து நிற்கிறார். 1972-இல் வந்த 'அதர் டேஸ், அதர் ஐஸ்' நாவலில் அதே கண்ணாடி பொடியாகிறது. அரசாங்கம் அதை நாடு முழுவதும் ரகசியமாகத் தூவுகிறது. இனி எந்த அறையிலும் எவரும் தனியாக இல்லை. துக்கத்துக்கு ஆறுதலாக வந்த பொருள் கடைசியில் ஒற்றனாகிவிடுகிறது. தெருவுக்குத் தெரு கேமரா வைத்திருக்கும் இன்றைய நகரவாசிக்கு இதை விளக்கவேண்டியதில்லை.

விஞ்ஞானமும் இதற்குள் கொஞ்சம் நெருங்கி வந்திருக்கிறது. வெற்றிடத்தில் ஒளியின் வேகம் நொடிக்குச் சுமார் 3 லட்சம் கிலோமீட்டர். 1999-இல் டென்மார்க் நாட்டு இயற்பியலாளர் லேனே ஹாவும் அவருடைய குழுவினரும் அமெரிக்காவில் அதை நொடிக்கு 17 மீட்டராகக் குறைத்தார்கள். அதாவது மணிக்குச் சுமார் 61 கிலோமீட்டர். நம்மூர் எக்ஸ்பிரஸ் ரயில் முந்திவிடும். ஒளியை அப்படி நடக்கவிட்டது, மிகக் கடுமையாகக் குளிரூட்டப்பட்ட சோடியம் அணுக்களின் கூட்டம். அதற்குப் பெயர் போஸ்-ஐன்ஸ்டைன் செறிவு. பெயரில் இருக்கும் போஸ், 1924-இல் டாக்காவிலிருந்து ஐன்ஸ்டைனுக்குத் தன் கட்டுரையை அனுப்பிவைத்த சத்யேந்திரநாத் போஸ்தான். 2013-இல் ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட் நகர ஆய்வாளர்கள் ஒளியின் பதிவை ஒரு படிகத்துக்குள் ஒரு நிமிட அளவுக்கு நிறுத்திவைத்து மீட்டார்கள். சில கோடுகளாலான எளிய படத்தையும் அதில் சேமித்துக் காட்டினார்கள்.

பத்து வருடத்துக்கும் ஒரு நிமிடத்துக்கும் இடையே நெடுந்தூரம். ஒருவேளை அதையும் கடந்துவிட்டால்? ஒளியை எவ்வளவு காலம் நிறுத்திவைத்தாலும், காலம் நிற்பதில்லை. சூரியனின் ஒளிகூட எட்டு நிமிடம் பழசாகித்தான் பூமிக்கு வருகிறது. அந்த எட்டு நிமிடத்தை யாரும் திருப்பிக் கேட்டதில்லை. ஷா காட்டிய பண்ணைக்காரருக்கும் இது தெரியும். தெரிந்தேதான் மழையில் நனைந்தபடி ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். உண்மையில் பாடம் கிடைத்தது கண்ணாடி வாங்க வந்த தம்பதிக்கு. வரும்போது அவர்களுக்குள் பேச்சே சரியில்லை. போகும்போது மனைவி கணவனைக் கட்டிக்கொள்கிறாள். எந்தக் கண்ணாடியும் வாங்காமலேயே அவர்கள் ஊர் திரும்புகிறார்கள்.