அணைக்கப்பட்ட காவல்

சில மாதங்களுக்கு முன்பு ஒரு கல்வி நிறுவனத்தின் மாணவர் சேர்க்கைத் தளம், விண்ணப்பிக்கக் கடைசி நாளன்று காலையில் திறக்கவில்லை. முந்தைய இரவு சர்வர் மென்பொருள் தானாகவே புதுப்பிக்கப்பட்டிருந்தது. அதனுடன் இணைந்து இயங்க வேண்டிய வடிகட்டிக் கோப்பு மட்டும் பழையதாகவே இருந்தது. தொலைபேசி அழைப்புகள் குவிந்தன. பொறுப்பிலிருந்த ஊழியர் வடிகட்டியை ஏற்றும் ஒற்றை வரியை அமைப்புக் கோப்பிலிருந்து நீக்கினார். தளம் திறந்தது. அந்த வரி மீண்டும் சேர்க்கப்படவே இல்லை என்பது, நான்கு மாதங்களுக்குப் பின்னர் வேறொரு வேலையாக அந்த சர்வரை நான் பார்வையிட்டபோதுதான் தெரியவந்தது.

அந்த ஊழியரை நான் குறைகூற மாட்டேன். அவருக்கு அவகாசமும் இல்லை, பயிற்சியும் இல்லை. ஆனால், அந்த நான்கு மாதங்களும் ஆயிரக்கணக்கான மாணவர்களின் விவரங்கள் காவலின்றிக் கிடந்தன.

பல மென்பொருள்கள் தேவைப்படும்போது அழைத்துப் பயன்படுத்திக்கொள்ளும் வகையில் தனியே வைக்கப்படும் நிரல் தொகுப்பே பகிர்வு நூலகக் கோப்பு. விண்டோஸில் இதை டிஎல்எல் என்பார்கள், லினக்ஸில் எஸ்ஓ. இணையத்தளத்துக்கு வரும் ஒவ்வொரு கோரிக்கையையும் சோதிக்கும் வடிகட்டிகள் பலவும் இந்த வடிவில்தான் சர்வருக்குள் ஏற்றப்படுகின்றன. படிவத்தின் பெயர்க் கட்டத்தில் தரவுத்தளக் கட்டளையை நுழைக்கும் கயமையைத் தடுப்பது இவற்றின் பணி. 2002-இல் இவான் ரிஸ்டிச் உருவாக்கிய மோட்செக்யூரிட்டி, கட்டணமின்றிக் கிடைக்கும் இத்தகைய வடிகட்டி. 2024 ஜனவரி முதல் ஓவாஸ்ப் அமைப்பு அதனைப் பராமரிக்கிறது.

இதில் நேரும் கோளாறுகள் பெரும்பாலும் இரு வகை. முதலாவது, பதிப்புப் பொருத்தமின்மை. எஞ்சின்எக்ஸ் சர்வரில் மோட்செக்யூரிட்டியை இணைக்கும் கோப்பு, அந்த சர்வர் பதிப்புக்கென்றே தொகுக்கப்பட்டிருக்க வேண்டும். சர்வரை மட்டும் புதுப்பித்தால், கோப்பு பொருந்தவில்லை என்று கூறி அது இயங்க மறுக்கும். காரணம் பிழைப் பதிவேட்டில் தெளிவாகவே இருக்கும். அதைப் படித்து, இணைப்புக் கோப்பைப் புதிய பதிப்புக்கு ஏற்பத் தொகுத்து, சோதித்த பின்னர் சர்வரை இயக்கினால் போதும்.

இரண்டாவது, நல்லவரைத் தடுக்கும் கோளாறு. மோட்செக்யூரிட்டியுடன் பரவலாகப் பயன்படும் ஓவாஸ்ப் விதித்தொகுப்பில் நான்கு கண்டிப்பு நிலைகள் உண்டு. மூன்றாம் நிலையில், ஆங்கில எழுத்துகளுக்கான அடிப்படைக் குறியீடுகளுக்கு அப்பாற்பட்ட எதுவும் ஐயத்துக்குரியதாகிவிடும். தமிழில் எழுதிய முகவரியே தாக்குதலாகத் தோன்றலாம். அந்தப் படிவத்துக்கு மட்டும் அந்த விதியிலிருந்து விலக்களிக்க வழியுண்டு. புதிய விதிகளைச் சில நாள்கள் தடுக்காமல் பதிவு மட்டும் செய்யவிட்டுப் பார்ப்பது அதனினும் நன்று.

வடிகட்டியே தளத்தை முடக்குவதும் உண்டு. 2019 ஜூலை 2 அன்று கிளவுட்ஃபிளேர் நிறுவனம் தனது வடிகட்டியில் சேர்த்த ஒரு விதி, சர்வர்களின் செயலித் திறன் முழுவதையும் விழுங்கியது. உலகெங்கும் ஏராளமான தளங்கள் சுமார் 27 நிமிஷங்கள் முடங்கின. அதன் பொறியாளர்களும் வடிகட்டியை அணைத்துத்தான் நிலைமையைச் சீராக்கினர். ஆனால், தவறான விதியை நீக்கி, ஒரு மணி நேரத்துக்குள் வடிகட்டியை மீண்டும் இயக்கினர். பின்னர், நடந்தது அனைத்தையும் பொதுவெளியில் விளக்கினர். நெருக்கடியில் அணைப்பது குற்றமன்று. அணைத்ததை மறப்பதே குற்றம்.

நம் நாட்டில் சட்டத்துக்குக் குறைவில்லை. இணையப் பாதுகாப்பு மீறலை 6 மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும், பதிவேடுகளை 180 நாள்கள் காக்க வேண்டும் என 2022-இல் செர்ட்-இன் அமைப்பு ஆணையிட்டது. தனிநபர் விவரங்களுக்குத் தக்க பாதுகாப்பு அளிக்கத் தவறினால் ரூ.250 கோடி வரை அபராதம் விதிக்க 2023-ஆம் ஆண்டின் தரவுப் பாதுகாப்புச் சட்டம் இடமளிக்கிறது. ஆயினும், அணைக்கப்பட்ட வடிகட்டி எந்த ஓசையும் எழுப்புவதில்லை. தளம் முன்பைப்போலவே இயங்குவதால் எவரும் புகார் கூறுவதுமில்லை.

எனவே, மக்களின் விவரங்களைப் பெறும் ஒவ்வொரு நிறுவனமும் மூன்று காரியங்களைச் செய்தாக வேண்டும். புதுப்பித்தலை முதலில் ஒரு சோதனை சர்வரில் செய்து பார்க்க வேண்டும். வடிகட்டியை யார், எப்போது, ஏன் நிறுத்தினார், எப்போது மீண்டும் இயக்கினார் என்பதை எழுதி வைக்க வேண்டும். வாரம் ஒருமுறை அது விழித்திருக்கிறதா எனச் சோதிக்கும் பொறுப்பை ஒருவரிடம் ஒப்படைக்க வேண்டும். இதற்குப் பெருஞ்செலவு ஏதுமில்லை. விண்ணப்பத்தை நிரப்பும் மாணவருக்கு அந்த ஒற்றை வரியைப் பற்றித் தெரியாது. தெரிந்திருக்க வேண்டியவர்கள் நாம்தான்.